ஏழு கிலோவைக் குறைத்துக்கொண்டு கூண்டுக்குள் போகலாமா?

கேள்வி: "அக்கா, எனக்கு இருபது வயசு. பெருந்துறைக்குப் பக்கத்து ஊரு. பி.காம். ரெண்டாம் வருசம். எட்டாவதுல இருந்து கபடி ஆடறேன், காலேஜ் டீமுல ரெய்டர். ஸ்கூல்ல மூணு வருசம் ஜூடோ பண்ணியிருக்கேன். ஆறு மாசமா ஈரோட்டுல ஒரு ஜிம்முக்கு கிக்பாக்ஸிங் போறேன். உயரம் 160 சென்டிமீட்டர், எடை 59 கிலோ. எம்.எம்.ஏ. ஃபைட்டர் ஆகோணும்னு ஆசை. அடுத்த மாசம் பெங்களூர்ல ஒரு அமெச்சூர் ஃபைட் இருக்குது, 52 கிலோ பிரிவு, ஏழு கிலோ இறக்கிட்டு வா, கடைசி நாலு நாளு தண்ணிய நிறுத்திக்கலாம்னு மாஸ்டர் சொல்றாரு. இப்பவே சாப்பாட்டக் கொறைச்சுட்டேன். மாசாமாசம் வர்றது ரெண்டு மாசமா வரலை. அப்பா தறிக்குப் போறாரு, அவரு 'உன்ற இஷ்டம்'ங்கறாரு. அம்மா, மூஞ்சி ஒடைஞ்சு போச்சுன்னா யாரு கட்டிக்குவாங்கன்னு அழுவறாங்க. இதுல பொழைக்க முடியுமா? கபடிய விட்டுட்டு முழுசா இதுக்கு வந்தரலாமா?"

பதில்:

அம்மிணி, அடுத்த மாத ஃபைட்டுக்கு ஒத்துக்கொள்ளாதீர்கள். எம்.எம்.ஏ.வே (குத்து, உதை, எறி, தரைச்சண்டை எல்லாம் கலந்து கூண்டுக்குள் ஆடும் சண்டை விளையாட்டு) வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. உங்களிடம் இருக்கும் கபடியும் ஜூடோவும் இந்த விளையாட்டுக்கு நல்ல முதலீடு. ஆனால் உங்களுக்குச் சொல்லப்பட்டிருக்கும் வரிசை தலைகீழாக இருக்கிறது. கூண்டு முதலில், தரைச்சண்டை பிறகு, உடம்பு கடைசியில் என்று வைத்திருக்கிறார்கள். அடுத்த மூன்று வருடத்துக்கு அந்த வரிசையைத் திருப்பிப் போட வேண்டும்.

முதலில் எடைக் கணக்கு. 52 கிலோ பிரிவு என்பது 52.2, அதாவது 115 பவுண்டு. 59-லிருந்து அங்கே போக 6.8 கிலோ இறங்க வேண்டும். உங்கள் எடையில் இது பதினொன்றரை சதவீதம். தசையும் பலமும் குறையாமல் கொழுப்பை மட்டும் இறக்க, வாரத்துக்கு உடல் எடையில் அரை சதவீதத்திலிருந்து ஒரு சதவீதம்தான் கணக்கு. உங்களுக்கு அது 300 முதல் 600 கிராம். நாலு வாரத்தில் அதிகம் போனால் 2.4 கிலோ. மீதி 4.4 கிலோ எங்கிருந்து போகும்? தண்ணீரிலிருந்துதான். தண்ணீர் அந்த அளவு குறைந்தால் ரத்தத்தின் அளவு குறைகிறது, இதயம் வேகமாக அடிக்கிறது, வியர்வை நின்று உடல் சூடு ஏறுகிறது, சிறுநீரகம் திணறுகிறது. அந்த நிலையில் தலையில் அடி வாங்குவது சாதாரண நாளில் வாங்குவதைவிட ஆபத்து. எடை பார்த்த பிறகு தண்ணீர் குடித்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்பார்கள். ஒரு நாள் இடைவெளி கிடைத்தாலும் உடம்பு முழுதாகத் திரும்புவதில்லை. அமெச்சூர் போட்டிகள் பலவற்றில் ஃபைட் நடக்கும் அன்று காலையிலேயே எடை போடுகிறார்கள். இரண்டு மூன்று மணி நேரத்தில் எதுவும் திரும்பாது.

இதில் உயிர் போயிருக்கிறது. 2013-இல் பிரேசிலின் லியாண்ட்ரோ சோசா, 2015-இல் மணிலாவில் சீனாவின் யாங் ஜியான் பிங், இருவரும் எடை குறைக்கும்போதே இறந்தார்கள். யாங்குக்கு வயது 21. அதற்குப் பிறகுதான் எம்.எம்.ஏ. போட்டிகள் நடத்தும் ஒன் சாம்பியன்ஷிப் நிறுவனம், தண்ணீரை வற்றடித்து எடை இறக்குவதைத் தடை செய்து, எடையோடு சிறுநீரின் அடர்த்தியையும் சோதிக்க ஆரம்பித்தது. அங்கே அடர்த்தி 1.025-க்கு மேல் போனால் எடை சரியாக இருந்தாலும் தேறவில்லை என்று அர்த்தம். நம் ஊரில் சித்திரை வெயிலில், தகரக் கூரைக்குக் கீழே, பிளாஸ்டிக் உடுப்பைப் போட்டுக்கொண்டு கயிறு தாண்டச் சொல்லும் ஜிம்கள் இன்னும் இருக்கின்றன. அதற்கு யார் கூப்பிட்டாலும் மறுத்துவிடுங்கள்.

உங்கள் கடிதத்தில் என்னை அதிகம் கவலைப்படுத்தியது ஏழு கிலோ அல்ல, இரண்டு மாதமாக நின்றிருக்கும் மாதவிடாய். மருத்துவர் முதலில் வேறு காரணங்களைப் பார்த்து விலக்குவார்: தைராய்டு, சினைப்பை நீர்க்கட்டி, கர்ப்பம் போன்றவை. ஆனால் பயிற்சியைக் கூட்டி, சாப்பாட்டைக் குறைத்த ஒரு பெண்ணுக்கு இப்படி நின்றால், உடம்புக்குப் போதிய சக்தி கிடைக்கவில்லை என்பதுதான் முதல் சந்தேகம். உடம்பு தன்னைக் காப்பாற்றிக்கொள்ள, அப்போதைக்கு அவசியமில்லாத வேலைகளை நிறுத்திவிடும். ஈஸ்ட்ரோஜன் குறைகிறது, எலும்பு அடர்த்தி குறைகிறது. சில மாதத்தில் ஓடும்போதும் கயிறு தாண்டும்போதும் முழங்கால் கீழெலும்பிலும் பாதத்திலும் நுண்ணிய விரிசல் வரலாம். 'ஃபைட்டர்னா அப்படித்தான், நல்லதுதான்' என்று ஜிம்மில் யாராவது சொன்னால் நம்பாதீர்கள். மூன்று மாதம் ஆகட்டும் என்று காத்திருக்கவும் வேண்டாம். இந்த வாரமே மகப்பேறு மருத்துவரைப் பாருங்கள். ஹீமோகுளோபின், ஃபெரிட்டின் (உடம்பில் இரும்புச் சத்தின் சேமிப்பு), தைராய்டு, வைட்டமின் டி ஆகியவற்றையும் பார்த்துவிடச் சொல்லுங்கள். ஹீமோகுளோபின் 12-க்கு மேல் இருந்தும் ஃபெரிட்டின் தரைதட்டிக் கிடப்பதுண்டு. மூன்றாவது ரவுண்டில் கால் இழுப்பதற்கு அது காரணமாக இருக்கலாம். நீங்கள் ஸ்டாமினா இல்லை என்று நினைத்து இன்னும் ஓடிக்கொண்டிருப்பீர்கள்.

எவ்வளவு சாப்பிட வேண்டும் என்பதற்கு ஒரு கணக்கு உண்டு. உங்கள் எடையில் கொழுப்பை நீக்கினால் சுமார் 44 கிலோ நிற்கும் என்று வைத்துக்கொள்வோம். அந்த ஒவ்வொரு கிலோவுக்கும் 30 கலோரி, பயிற்சியில் செலவானது போக, மிஞ்ச வேண்டும். அதுவே ஆபத்து எல்லை. 45 மிஞ்சினால்தான் உடம்பு நிம்மதியாக ஓடும். ஒரு நாள் பயிற்சிக்கு 550 கலோரி செலவானால் 1,900-க்குக் கீழே போகவே கூடாது, 2,500-ஐ ஒட்டி இருப்பது நல்லது. புரதம் ஒரு கிலோவுக்கு 1.6 முதல் 2 கிராம், அதாவது நாளைக்கு 95 முதல் 115 கிராம். டப்பா பவுடர் இல்லாமலே நம் வீட்டுச் சமையலில் இது வரும். மூன்று முட்டை 18 கிராம், சமைத்த கோழிக்கறி 150 கிராமில் சுமார் 40, அரை லிட்டர் பாலும் தயிருமாக 16, ஐம்பது கிராம் கொள்ளில் 11, ஒரு கைப்பிடி நிலக்கடலையில் 7. மீதி அரிசிம்பருப்புச் சோறிலும் ராகியிலும் வந்துவிடும். ராகிக் களியை வாரம் நாலு நாள் வையுங்கள், சுண்ணாம்புச் சத்துக்கு அதைவிட மலிவான தானியம் இல்லை. சாப்பிட்ட உடனே டீ குடிக்கும் பழக்கத்தை விடுங்கள், இரும்புச் சத்து சேராது. பயிற்சிக்கு ஒன்றரை மணி நேரம் முன்னால் சந்தகையோ இட்லியோ வாழைப்பழமோ வயிற்றில் இருக்க வேண்டும். காலேஜிலிருந்து நேராக வெறும் வயிற்றில் ஜிம்முக்குப் போய் ஒன்பது மணிக்கு வீடு வந்து சாப்பிடும் வழக்கமே பல பெண்களைக் கவிழ்க்கிறது.

உயரத்தை வைத்துப் பார்த்தால், நீண்ட காலத்தில் உங்களுக்குப் பொருந்தும் பிரிவு 56.7 கிலோ. இப்போது அதற்கும் இறங்க வேண்டாம். மாதவிடாய் ஒழுங்காகித் தொடர்ந்து மூன்று மாதம் வந்த பிறகு, எட்டு பத்து வாரம் எடுத்துக்கொண்டு இறங்கலாம். முதல் இரண்டு மூன்று அமெச்சூர் ஃபைட்டை 61.2 பிரிவில், சாப்பிட்டுவிட்டு ஆடுங்கள். எதிராளி கொஞ்சம் உயரமாக இருப்பார். பரவாயில்லை, அந்த வயதில் கற்றுக்கொள்ள வேண்டியது எடைத் தராசில் இல்லை. இன்னொன்று, மாதவிடாய்க்கு முந்தைய நாட்களில் ஒரு கிலோ, சிலருக்கு இரண்டு கிலோ வரை நீர் கோத்துக்கொண்டு எடை ஏறும். தினமும் காலையில் எடையை ஒரு நோட்டில் எழுதி, பக்கத்திலேயே தேதியைக் குறித்தால் நாலு மாதத்தில் உங்கள் உடம்பின் கணக்கு பிடிபடும். போட்டித் தேதிக்கு ஒத்துக்கொள்வதற்கு முன் அந்த நோட்டைப் பாருங்கள்.

இனி விளையாட்டு. கபடி ரெய்டர் எம்.எம்.ஏ.வுக்கு வரும்போது கொண்டுவரும் சொத்து இடுப்பைச் சட்டென்று தாழ்த்துவதும், பிடிக்க வரும் கைகளிலிருந்து காலை உருவிக்கொள்வதும். கணுக்கால் பிடியும் (ஆங்கிள் ஹோல்டு) தொடைப் பிடியும் (தை ஹோல்டு) பிடித்துப் பழகியிருந்தால் மல்யுத்தத்தின் ஒற்றைக்கால் பிடி பாதி வந்துவிட்டது போல. ஆனால் ரெய்டரின் உடம்பில் இரண்டு கெட்ட பழக்கமும் ஊறியிருக்கும். ஒன்று, தலையை முன்னால் நீட்டிக் குனிந்தே நகர்வது. கபடியில் அது கைக்கு எட்டம் தரும். இங்கே குனிந்த தலைக்கு முழங்கால் வரும், இல்லையென்றால் கழுத்தைச் சுற்றிக் கை வந்து கில்லட்டின் என்ற கழுத்து நெரிப்பு விழும். இரண்டு, போனஸ் கோட்டுக்கு எட்டும் பழக்கத்தில் மொத்த எடையையும் முன்னங்காலில் போட்டு நிற்பது. அந்தக் காலில் நாலு லோ கிக் (காலைக் குறிவைக்கும் தாழ்ந்த உதை) வாங்கினால் இரண்டாவது ரவுண்டில் ஊன்ற முடியாது. திருத்தம் சொல்கிறேன். மூன்று நிமிட ரவுண்டாக, கண்ணாடி முன்னால், முதுகை நிமிர்த்தி முழங்காலை மட்டும் மடித்து இறங்கி ஏறும் பயிற்சி, நாளைக்கு நாலு ரவுண்டு. இறங்கும்போது நெற்றி எதிராளியின் நெஞ்சுக்கூட்டுக்குப் பக்கவாட்டில் ஒட்ட வேண்டும், நடுவில் தொங்கக் கூடாது. ஆறு வாரம் தவறாமல் செய்தால் குனிவு குறையும்.

ஜூடோவில் வேறு சிக்கல். பிடிக்கச் சட்டை கிடையாது. காலரையும் கையையும் பிடித்துப் போட்ட எறிகளை, அக்குளுக்கு அடியில் கை நுழைக்கும் அண்டர்ஹூக்கிலும் மேலாகச் சுற்றும் ஓவர்ஹூக்கிலும் மாற்றிக் கற்க வேண்டும். ஹராய் கோஷி, உச்சி மாத்தா இரண்டும் ஓவர்ஹூக்கோடு நன்றாக வேலை செய்யும். ஆனால் இடுப்பைத் திருப்பிப் போடும் எறி பாதியில் நின்றால் முதுகைத் தூக்கி எதிராளி கையில் கொடுத்ததாகும். அதனால் முதலில் ஓ சோட்டோ கரி, கோ உச்சி கரி மாதிரி முகம் பார்த்துப் போடும் எறிகளைக் கையில் எடுங்கள். விழுத்திய பிறகு கேசா கட்டமேயில் (பக்கவாட்டில் உட்கார்ந்து அமுக்கும் பிடி) தலையை இறுக்குவதும் ஆபத்து. ஜூடோவில் அது வெற்றி. இங்கே அடியில் இருப்பவர் இடுப்பை நகர்த்தி உங்கள் முதுகில் ஏறிக்கொள்வார். 2008 ஒலிம்பிக் ஜூடோ வெண்கலத்தோடு வந்த ரோண்டா ரௌசிதான் 2013-இல் அமெரிக்காவின் பெரிய எம்.எம்.ஏ. நிறுவனமான யு.எஃப்.சி.யின் முதல் பெண்கள் ஃபைட்டை ஆடி வென்றவர். ஜூடோ எவ்வளவு தூரம் கொண்டுபோகும் என்பதற்கு அவர் சாட்சி. நின்று குத்தும் ஹாலி ஹோமிடம் 2015-இல் விழுந்ததும் அவர்தான்.

இந்தியப் பெண்களின் கதையில் கவனிக்க வேண்டிய ஒன்று இருக்கிறது. மல்யுத்தத்திலிருந்து வந்த ரித்து போகட், 2021 டிசம்பரில் ஒன் சாம்பியன்ஷிப்பின் ஆட்டம்வெயிட் எடைப் பிரிவு கிராண்ட் பிரீ தொடரின் இறுதி வரை போனார். தாய்லாந்தின் ஸ்டாம்ப் ஃபேர்டெக்ஸிடம் ஆர்ம்பாரில், அதாவது முழங்கைப் பூட்டில், தோற்றார். சீனத் தற்காப்புக் கலையான வூஷுவிலிருந்து வந்த பூஜா தோமர், உத்தரப் பிரதேசத்துக்காரர், 2024 ஜூனில் யு.எஃப்.சி.யில் முதல் வெற்றி பெற்ற இந்தியப் பெண் ஆனார். அடுத்த ஃபைட்டில், 2025 மார்ச்சில் லண்டனில், அவரும் ஆர்ம்பாரில்தான் சிக்கினார். ஸ்டாம்ப் நின்று குத்தி உதைக்கும் தாய்லாந்து முவே தாயில் வளர்ந்தவர் என்பதையும் சேர்த்துப் பாருங்கள். நம் நாட்டில் பெண்கள் குத்தவும் தூக்கிப் போடவும் கற்கும் அளவுக்குத் தரையில் முதுகு பட்ட பின் என்ன நடக்கிறது என்பதைக் கற்பதில்லை என்பது என் கணிப்பு. நீங்கள் நேரத்தையும் பஸ் காசையும் கொட்ட வேண்டிய இடம் அதுதான்.

ஆர்ம்பார் எப்படி விழுகிறது என்றால், மேலே இருப்பவர் எதிராளியின் கால்களுக்கு நடுவில் இருந்துகொண்டு, எழுந்திருக்கும் அவசரத்தில் நெஞ்சில் கையை நீட்டி ஊன்றுகிறார். நீட்டிய கை கிடைத்த உடனே கீழிருப்பவர் இடுப்பைத் திருப்பி, காலை முகத்துக்கு மேல் போட்டு முழங்கையை நெரிக்கிறார். தடுக்க வேண்டிய இடம் தொடக்கத்தில்: முழங்கை உங்கள் விலாவை விட்டு முன்னே போகக் கூடாது, கைகள் அவர் இடுப்பிலோ புஜத்திலோ இருக்க வேண்டும், முதுகு நிமிர்ந்திருக்க வேண்டும். மாட்டிவிட்டால் இரண்டு கையையும் கோத்து, எடையை அவர் தோளின் மேல் அடுக்கி, பெருவிரல் போகும் திசையிலேயே உடம்பைத் திருப்ப வேண்டும். கை முழுதாக நீண்டுவிட்டதென்றால் தட்டிவிடுங்கள், அதாவது தோல்வியை ஒப்புக்கொண்டு கையால் தட்டுங்கள். பயிற்சியில் தட்டத் தயங்குபவர்கள் முழங்கைத் தசைநாரை அறுத்துக்கொண்டு ஆறு மாதம் வீட்டில் உட்காருகிறார்கள். ஈரோட்டிலும் திருப்பூரிலும் தரைச்சண்டைக்கு நல்ல ஆள் கிடைக்கவில்லை என்றால் கோவையில் ஜியு-ஜிட்சு சொல்லித்தரும் இடங்கள் உண்டு. வாரக் கடைசி இரண்டு நாளும் பெருந்துறையிலிருந்து பஸ் பிடித்துப் போய்வருவது, தினமும் அரைகுறையாகக் கற்பதைவிட மேல்.

கபடியை விடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். டிகிரி முடியும்வரை விடாதீர்கள். தமிழ்நாட்டு அரசு வேலைகளில் விளையாட்டு வீரர்களுக்கு 3 சதவீத ஒதுக்கீடு இருக்கிறது. அதற்கான சான்று, பல்கலைக்கழக அணிக்கு ஆடினால் படிவம் 3, மாநில அணிக்கு ஆடினால் படிவம் 2. அந்தக் காகிதம் ஒன்று கையில் இருந்தால் வீட்டில் உங்கள் பேச்சின் எடையே வேறு. தனியார் எம்.எம்.ஏ. ஷோவில் வாங்கும் பெல்ட்டுக்கு அப்படி ஒரு படிவம் கிடையாது. கபடிக்குப் பிறகு, அல்லது அதனோடு சேர்த்து, நான் உங்களுக்குப் பரிந்துரைப்பது வூஷுவின் சாண்டா. குத்து, உதை, எறி மூன்றும் அதில் உண்டு; உதைத்த காலைப் பிடித்துக் கீழே போட்டால் புள்ளி. கபடியும் ஜூடோவும் தெரிந்த பெண்ணுக்குச் செய்து வைத்தது போன்ற விளையாட்டு. தலைக்கவசமும் நெஞ்சுக்கவசமும் போட்டு ஆடுவது, தலைக்கும் கொஞ்சம் நல்லது. ஆசிய விளையாட்டுப் போட்டியில் இருக்கிறது. மணிப்பூரின் ரோஷிபினா தேவி 60 கிலோ பிரிவில் 2018-இல் வெண்கலமும், 2023-இல் சீனாவின் ஹாங்சோவில் வெள்ளியும் வாங்கினார். உங்கள் இப்போதைய எடைக்கு எதுவும் இறக்காமல் நிற்கக்கூடிய பிரிவு அது. ஈரோடு வ.உ.சி. பூங்கா மைதானத்திலோ கோவை நேரு ஸ்டேடியத்திலோ மாவட்ட விளையாட்டு அலுவலரைப் பார்த்து, வூஷுவுக்கும் ஜூடோவுக்கும் அங்கீகாரம் பெற்ற சங்கம் எது என்று கேளுங்கள். ஒரே விளையாட்டுக்கு இரண்டு மூன்று சங்கம் இருப்பது நம் ஊரில் சகஜம். தவறான சங்கத்தில் வாங்கிய சான்றிதழ் எந்த அலுவலகத்திலும் செல்லாது.

வயதாகிவிடும் என்ற பயம் வேண்டாம். சீனாவின் ஜாங் வெய்லி 2013-இல் முதல் தொழில்முறை ஃபைட்டில் தோற்றவர். 2019-இல் யு.எஃப்.சி. பட்டம் வாங்கியபோது அவருக்கு 30 வயது. 22 வரை படிப்பும் சாண்டாவும் தரைச்சண்டையும், 22 முதல் 24 வரை ஐந்தாறு அமெச்சூர் எம்.எம்.ஏ. ஃபைட், அதற்குப் பிறகு தொழில்முறை என்று வைத்தால் தாராளமாக நேரம் இருக்கிறது. அமெச்சூரில் மூன்று நிமிட ரவுண்டு, முழங்கை அடி கிடையாது, தலைக்கு முழங்கால் கிடையாது, காலில் கவசம் உண்டு. தொழில்முறையில் ஐந்து நிமிட ரவுண்டு, முழங்கை உண்டு, கையில் நாலு அவுன்ஸ் கிளவுஸ். இந்தப் படியைத் தாண்டிக் குதித்தவர்கள் பெரும்பாலும் சீக்கிரம் காணாமல் போகிறார்கள்.

ஜிம்மைப் பற்றி. ஆறு மாதத்தில் உங்களை முழுவேக ஸ்பாரிங்கில் (ஜிம்மில் ஆளோடு ஆள் ஆடும் பயிற்சிச் சண்டை) இறக்கியிருந்தால் அதுவே ஒரு எச்சரிக்கை. தலைக்கு அடிபடும் கடுமையான ஸ்பாரிங் வாரத்துக்கு ஒரு நாளைத் தாண்டக் கூடாது, 16 அவுன்ஸ் கிளவுஸோடு. மீதி நாட்கள் தொட்டு விளையாடும் வேகம் போதும். பெண் கூட்டாளி இல்லையென்றால் உங்கள் எடையை ஒட்டிய பையன்களோடு பயிற்சி செய்யலாம், ஆனால் வேகத்தையும் தலைக்கு அடி உண்டா இல்லையா என்பதையும் மணி அடிப்பதற்கு முன்னால் பேசி முடிவு செய்யுங்கள். பயிற்சி விரிப்பைத் தினமும் கிருமிநாசினியால் துடைக்கிறார்களா என்று பாருங்கள். படர்தாமரையும் சீழ்க்கட்டியும் அந்த விரிப்பில்தான் பரவும். பயிற்சி முடிந்த அரை மணி நேரத்துக்குள் குளித்துவிடுங்கள், ஈரத்துணியோடு பஸ் ஏறாதீர்கள். பூட்டிய அறையில் தனிப் பயிற்சி, இரவில் தனியாக வெளியூர்ப் பயணம், காயம் பார்க்கிறேன் என்று தொடுவது, இவற்றுக்கெல்லாம் சம்மதிக்க வேண்டியதில்லை. பணியிடப் பாலியல் துன்புறுத்தலைத் தடுக்கும் 2013-ஆம் ஆண்டுச் சட்டம் விளையாட்டு நிறுவனங்களையும் மைதானங்களையும் பணியிடமாகவே கணக்கில் வைக்கிறது. 181 என்ற பெண்கள் உதவி எண் எப்போதும் இருக்கிறது. வெளியூர்ப் போட்டிக்கு வீட்டிலிருந்து ஒருவர் உடன் வருவார் என்பதை முதல் நாளே சொல்லிவையுங்கள். அதற்கு முகம் சுளிக்கும் பயிற்சியாளரிடம் இருக்கத் தேவையில்லை.

வலுவுக்கு வாரம் இரண்டு நாள் போதும். டெட்லிஃப்ட், புல்-அப், ஒற்றைக்கால் ஸ்குவாட், கழுத்துப் பயிற்சி. பெண்களுக்கு முழங்காலின் ஏ.சி.எல். தசைநார் அறுவது ஆண்களைவிட அதிகம். குதித்து இறங்கும்போது முழங்கால் உள்பக்கம் சாய்வதும், பின்தொடை வலு குறைவதும் முக்கியக் காரணங்கள். கபடியிலும் இதே ஆபத்துதான். ஒவ்வொரு பயிற்சிக்கு முன்னும் பத்து நிமிடம்: குதித்து இரண்டு முழங்காலும் விரலுக்கு நேராக நிற்கும்படி இறங்குவது, பக்கவாட்டுத் தாவல், கணுக்காலை ஒருவர் பிடித்துக்கொள்ள முட்டிபோட்டு மெதுவாக முன்னால் சாயும் நார்டிக் பயிற்சி ஐந்தைந்தாக மூன்று செட். அலுப்பாக இருக்கும். ஆனால் ஏ.சி.எல். அறுவை சிகிச்சைக்குப் பிறகு திரும்பி வர ஒன்பது மாதத்துக்குக் குறையாது.

அம்மாவின் அழுகைக்கு வருவோம். அவர் கேட்பது நியாயமான கேள்வி, பொத்தாம்பொதுவாகச் சமாதானம் சொல்லாதீர்கள். முகத்தில் ஆழமான வெட்டு பெரும்பாலும் முழங்கையால் விழுவது. அமெச்சூரில் அது இல்லை. மூக்கு உடையலாம். வீக்கம் வடிந்த மூன்று முதல் ஐந்து நாளில் காது மூக்கு தொண்டை மருத்துவரைப் பார்த்து, இரண்டு வாரத்துக்குள் நேர்படுத்திவிட்டால் பெரும்பாலும் கோணல் நிற்காது. மூக்கின் நடுச்சுவரில் ரத்தம் கட்டி இரண்டு பக்கமும் அடைத்துக்கொண்டால் மட்டும் அன்றைக்கே ஆஸ்பத்திரி, இல்லையென்றால் குருத்தெலும்பு அழுகிவிடும். காது தடித்துப் போவது தரைப்பயிற்சியில் தேய்ந்து ரத்தம் கட்டுவதால். காதுக்கவசம் போடுங்கள். கட்டினால் ஓரிரு நாளில் மருத்துவரிடம் எடுத்து அழுத்திக் கட்டிவிட வேண்டும், ஜிம்மில் ஊசியால் குத்தவிடாதீர்கள். பல்லுக்குக் கடையில் வாங்கி வெந்நீரில் போடும் கவசத்தைவிடப் பல் மருத்துவரிடம் அளவெடுத்துச் செய்தது மேல். குழந்தை பெறுவதைப் பற்றி அவர் பயப்பட்டால், ஃபைட்டால் அது கெடாது, பட்டினி போட்டு மாதவிடாயை நிறுத்திக்கொண்டால்தான் கெடும் என்பதைச் சொல்லுங்கள். அதனால்தான் முதலில் மருத்துவரிடம் போகிறேன் என்றும் சொல்லுங்கள். கூடவே அழைத்துப் போங்கள்.

முகத்தைவிடக் காக்க வேண்டியது மூளை. தலையில் அடிபட்டுத் தலைசுற்றல், குமட்டல், வெளிச்சம் கூசுதல், மறதி எதுவாவது வந்தால் அன்றைய பயிற்சி அதோடு முடிந்தது. ஒன்றிரண்டு நாள் ஓய்வு, பிறகு நடை, லேசான ஓட்டம், பை குத்துவது, தொடாத பயிற்சி என்று ஒவ்வொரு படிக்கும் குறைந்தது ஒரு நாள். அறிகுறி திரும்பினால் ஒரு படி கீழே. மருத்துவர் சொல்லாமல் ஸ்பாரிங் இல்லை. நாக் அவுட் ஆனால் முறையான ஆணையங்கள் இரண்டு மூன்று மாதம் வரை தடை போடும். நம் நாட்டுச் சின்னப் போட்டிகளில் அதைக் கண்காணிக்கப் பெரும்பாலும் யாரும் இருக்க மாட்டார்கள், நீங்களே உங்களுக்குத் தடை போட்டுக்கொள்ள வேண்டும். விபத்துக் காப்பீட்டை எடுத்துப் படித்தால் தொழில்முறை விளையாட்டுக் காயத்துக்குப் பணம் இல்லை என்று பெரும்பாலும் எழுதியிருக்கும். அதனால் போட்டி நடத்துபவர் மருத்துவச் செலவை ஏற்கிறாரா என்பதை எழுத்தில் வாங்குங்கள்.

பிழைக்க முடியுமா என்றால், முதல் நாலைந்து வருடம் ஃபைட் பணத்தில் மட்டும் முடியாது. அமெச்சூரில் பணமே இல்லை, பயணச் செலவு உங்களுடையது. தொழில்முறையில் பணம் இரண்டு பங்கு: இறங்கியதற்கு ஒன்று, வென்றால் இன்னொன்று. கணக்குக்கு 30,000-மும் 30,000-மும் என்று வைப்போம். தோற்றால் கையில் 30,000. அதில் பயிற்சியாளருக்குப் பத்து சதவீதம், மேனேஜர் இருந்தால் இன்னும் பத்திலிருந்து இருபது, எட்டு வார கேம்ப் சாப்பாடு, பிசியோ, ரத்தப் பரிசோதனை. மிச்சம் பெரிதாக நிற்காது. மேட்ரிக்ஸ் ஃபைட் நைட் என்ற இந்தியப் போட்டி, அதற்கு மேல் யு.எஃப்.சி.க்கு ஆள் எடுக்கும் ரோடு டு யு.எஃப்.சி. என்று வழி இருக்கிறது, ஆனால் அது அகலமான வழி இல்லை. உங்களிடம் பி.காம். இருக்கும், பெண்களுக்கு ஃபிட்னஸும் தற்காப்பும் சொல்லித்தரும் திறமை வரும், படிவம் இருந்தால் அரசு வேலை வாய்ப்பும் வரும். இந்த மூன்றில் ஒன்று மாத வருமானத்தைத் தர வேண்டும். அப்போதுதான் கெட்ட ஒப்பந்தத்துக்கு மாட்டேன் என்று சொல்லத் தைரியம் இருக்கும். ஒப்பந்தத்தில் பார்க்க வேண்டியவை: எத்தனை வருடம் வேறு இடத்தில் ஆடக் கூடாது, கடைசி நேரத்தில் எதிராளியோ எடையோ மாறினால் மறுக்கலாமா, பணம் எத்தனை நாளில், கார்னருக்கு (ரவுண்டுகளுக்கு நடுவே உதவ) வருபவர்களின் டிக்கெட் யார் செலவு. வக்கீல் ஒருவர் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

மருந்து விஷயத்தில் இன்றிலிருந்தே கவனம் தேவை. எடை இறக்க ஜிம்களில் கைமாறும் லேசிக்ஸ் மாத்திரை, அதாவது ஃபுரோசமைடு, ஊக்கமருந்துத் தடைப் பட்டியலில் இருக்கிறது, உப்புச் சத்தைக் குலைத்து இதயத்தையும் நிறுத்தும். மெடிக்கல் கடையில் கிடைக்கும் இருமல் சிரப்புகள் பலவற்றில் டெர்பியூட்டலின் இருக்கும், அதுவும் தடை. கோயில் விசேஷத்துக்குத் தேதியைத் தள்ளிப்போடச் சாப்பிடும் நோரெதிஸ்டிரோன் தடைப் பட்டியலில் இல்லை. ஆனால் சோதனை எடுத்தால் படிவத்தில் கட்டாயம் எழுதுங்கள். நீர் கோத்து எடை ஏறலாம் என்பதால் போட்டிக்கு முன் அதைத் தொடாதீர்கள். சத்துப் பவுடரில் எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. முத்திரை இருப்பதும் ஊக்கமருந்து கலக்கவில்லை என்பதும் வேறு வேறு.

மாஸ்டரிடம் எப்படிச் சொல்வது என்று தயங்குவீர்கள். சண்டை போட வேண்டாம். "மாஸ்டர், டாக்டர் பார்க்கச் சொல்லியிருக்காங்க, ரிப்போர்ட் வர்ற வரைக்கும் எடை இறக்கறதும் ஸ்பாரிங்கும் வேண்டாங்க, எப்ப ஃபைட் ஆடினாலும் 61-லதாங்க ஆடுவேன்" என்றால் போதும். நல்ல பயிற்சியாளர் என்றால் ரிப்போர்ட் என்ன ஆச்சு என்று அவரே கேட்பார். இன்றைக்கு இரவு முழுச் சாப்பாடு சாப்பிட்டுவிட்டு, திங்கட்கிழமை மருத்துவருக்கு டோக்கன் போட்டுவிடுங்கள். எடை எழுதும் நோட்டையும், கடைசியாக மாதவிடாய் வந்த தேதியையும், இப்போது சாப்பிடும் மாத்திரை, பவுடர் எல்லாவற்றின் பெயரையும் எழுதி எடுத்துக்கொண்டு போங்கள்.